30 லட்சம் கடனுக்கு 62 லட்சமா? வீட்டுக்கடனின் உண்மைச் செலவு (கடலூர் – புதுச்சேரி)

வில்லியனூர்_வாடகை | 3 நவம்பர் 2025, இரவு 9.40

ரெட்டிச்சாவடி பக்கம் கட்டி முடித்த தனி வீடு. விலை 38 லட்சம். கையில் 8 லட்சம் இருக்கிறது, மீதி 30 லட்சம் கடன். ஒரு வீட்டுக்கடன் நிறுவனம் 8.5 சதவீதம், 20 வருடம், மாதம் 26,035 என்கிறது. 240 மாதத்துக்குப் பெருக்கினால் 62 லட்சத்து 48 ஆயிரம். இரண்டு மடங்குக்கு மேல். முதல் அஞ்சு வருஷம் முழுக்க வட்டியையே எடுத்துக்கொள்கிறார்கள் என்று பலரும் சொல்கிறார்கள். இப்போது வாடகை 11,000. வாடகையிலேயே இருந்துவிடலாம் என்பது என் வாதம். தப்பு இருந்தால் சொல்லுங்கள்.

மஞ்சை_கணக்கு | 3 நவம்பர், இரவு 10.25

8.5 சதவீதம் என்பது நம்ம ஊர்ப் பேச்சில் 71 பைசா வட்டி. நூற்றுக்கு மாதம் 71 பைசா. 30 லட்சத்துக்கு முதல் மாத வட்டி 21,250. நீங்கள் கட்டும் 26,035-இல் அதைக் கழித்தால் 4,785 அசலில் போகும். அடுத்த மாதம் 29,95,215-க்கு வட்டி. இப்படியே இறங்கும்.

"வட்டியை முதலில் எடுக்கிறார்கள்" என்பது தப்பு. பாக்கி எவ்வளவோ அதற்கு மட்டும்தான் அந்தந்த மாதம் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி பெரிசு, அதனால் வட்டி பெரிசு. ஆனால் விளைவு நீங்கள் பயப்படுவதுதான். 5 வருடம் கட்டி முடிக்கும்போது 15.62 லட்சம் கொடுத்திருப்பீர்கள், பாக்கி 26.44 லட்சம் நிற்கும். 10 வருடம் முடிந்தால் பாக்கி 21 லட்சம். அசலில் பாதி, அதாவது 15 லட்சம், கரைய 13 வருடம் 10 மாதம் ஆகும்.

மஞ்சை_கணக்கு | 4 நவம்பர், காலை 6.50

காலவரையை மாற்றினால் என்ன ஆகும் என்பதை நேற்றே எழுதியிருக்க வேண்டும். அதே 30 லட்சம், அதே 8.5:

15 வருடம்: மாதம் 29,542, மொத்த வட்டி 23.18 லட்சம்.
20 வருடம்: மாதம் 26,035, வட்டி 32.48 லட்சம்.
30 வருடம்: மாதம் 23,067, வட்டி 53.04 லட்சம்.

20-ஐ 30 ஆக்கினால் மாதம் 2,968 ரூபாய் குறைகிறது, அதற்கு விலை 20 லட்சத்துக்கு மேல். 20-ஐ 15 ஆக்க மாதம் 3,507 கூடுதல், மிச்சம் 9.30 லட்சம். கவுன்டரில் "இ.எம்.ஐ. எவ்வளவு முடியும்?" என்றுதான் கேட்பார்கள். நீங்கள் திருப்பிக் கேட்க வேண்டியது மூன்று காலவரைக்கும் மொத்த வட்டி. மூன்றையும் ஒரே தாளில் எழுதி வாங்குங்கள்.

ஓடி_பத்திரம் | 4 நவம்பர், காலை 11.05

வீட்டு விலை 38 என்று மட்டும் கணக்குப் போட்டிருக்கிறீர்கள். நீங்கள் இருப்பது புதுச்சேரி வில்லியனூர் என்றாலும் மனை தமிழ்நாட்டு எல்லைக்குள் இருப்பதால் பதிவு தமிழ்நாட்டு விதிப்படிதான். கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பு, பத்திரத்தில் காட்டும் விலை, இதில் எது அதிகமோ அதன் மேல். 38 லட்சத்துக்கு 3,42,000.

இந்தப் பணத்துக்குக் கடன் வராது. முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் வீட்டின் மதிப்பில் சேராது என்பது ரிசர்வ் வங்கியின் (ஆர்.பி.ஐ.) விதி. 10 லட்சத்துக்கு உட்பட்ட வீட்டுக்கு மட்டும் விலக்கு.

பிறகு எம்.ஓ.டி. மூலப்பத்திரத்தைக் கடன் கொடுப்பவரிடம் ஒப்படைக்கும் உடன்படிக்கை. கடன் தொகையில் அரை சதவீதம் முத்திரை, 30 லட்சத்துக்கு 15,000. பதிவுக் கட்டணம் தனி. செயலாக்கக் கட்டணத்துக்கு 18 சதவீதம் ஜி.எஸ்.டி. வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரம் எழுதும் கூலி இவை வேறு.

வில்லியனூர்_வாடகை | 4 நவம்பர், மதியம் 1.15

பதிவுச் செலவுக்குக் கைமாற்று வாங்கலாம் என்றிருந்தேன். இரண்டு ரூபாய் வட்டிக்குக் கிடைக்கும்.

மஞ்சை_கணக்கு | 4 நவம்பர், மதியம் 1.40

வேண்டாம். இரண்டு ரூபாய் வட்டி என்றால் வருடம் 24 சதவீதம். 3,42,000-க்கு மாதம் 6,840 வட்டி மட்டும் போகும், அசல் ஒரு ரூபாய் குறையாது. உங்கள் மாதச் சுமை 26 ஆயிரம் அல்ல, 33 ஆயிரம் ஆகிவிடும். முதல் வருடத்திலேயே தவணை தவறுவது பெரும்பாலும் இப்படித்தான் தொடங்குகிறது. வீட்டுக்கடன் கட்ட முடியாமல் போவதில்லை, பக்கத்தில் நிற்கும் கைமாற்றுதான் இழுத்துப் போடுகிறது. வீட்டில் நகை இருந்தால் வங்கி நகைக்கடன் வட்டியோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அல்லது ஒரு வருடம் தள்ளிப் போடுங்கள்.

கன்னியக்கோயில்_கட்டுமானம் | 5 நவம்பர், இரவு 8.10

கட்டி முடித்த வீடு என்கிறீர்கள், கடற்கரையிலிருந்து எவ்வளவு தூரம்? 20 வருடச் செலவில் உப்புக்காற்றையும் சேர்க்க வேண்டும். கடலோரக் காற்று நேரடியாகப் படும் கான்கிரீட்டுக்கு இந்தியத் தரநிலை ஐ.எஸ். 456 கேட்பது குறைந்தது எம்30 தரமும் கம்பிக்கு 45 மில்லிமீட்டர் மூடுகான்கிரீட்டும். எம்20 போட்டு, கம்பிக்கு இடைவெளி தரும் கவர் பிளாக்குக்குப் பதில் ஜல்லியை முட்டுக் கொடுத்துக் கம்பி கட்டிய வீடு என்றால் கடன் பாதி முடிவதற்குள் சன்ஷேடும் பால்கனி அடிப்பாகமும் பிளந்து கம்பி தெரியும்.

போய்ப் பாருங்கள். சன்ஷேடின் அடியில் கம்பி ஓடும் திசையிலேயே நீளக் கீறலோ பழுப்புக் கறையோ இருந்தால் உள்ளே துரு வேலையைத் தொடங்கிவிட்டது. சாவியால் தட்டினால் பொள்ளென்று சத்தம் வரும். புது வண்ணம் அடித்து மறைத்திருப்பார்கள், அதனால் மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டியின் அடியையும் படிக்கட்டின் அடியையும் பாருங்கள். அங்கே பெயின்டர் போவதில்லை.

இன்னொன்று, வெள்ளம். 2015 நவம்பரிலும், 2024 டிசம்பர் முதல் வாரம் ஃபெஞ்சல் புயலுக்குப் பின் தென்பெண்ணை பெருகியபோதும் தண்ணீர் எந்த மட்டம் வரை நின்றது என்று அக்கம்பக்கத்தில் கேளுங்கள். சுவரில் கைவைத்துக் காட்டுவார்கள். அந்த உயரத்துக்குக் கீழே மின்சார பாயின்ட் இருந்தால் அதை மாற்றும் செலவும் உங்களுடையதுதான்.

மஞ்சை_கணக்கு | 6 நவம்பர், இரவு 9.30

இந்த இழையில் முக்கியமாகச் சொல்ல வேண்டியதற்கு இப்போதுதான் வருகிறேன். 62 லட்சம் என்பது வட்டி 20 வருடமும் அசையாமல் நின்றால் வரும் தொகை. நிற்காது.

2020 மே முதல் ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, 4 சதவீதம். 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.50-க்குப் போனது. ஒன்பது மாதத்தில் இரண்டரை சதவீதம். 2021-இல் 6.75-க்கு 30 லட்சம், 20 வருடத்துக்கு எடுத்த ஒரு கடனைப் பார்ப்போம். இ.எம்.ஐ. 22,811. பதினெட்டு தவணை கட்டியதும் பாக்கி 28,87,889. இப்போது வட்டி 9.25 ஆகிறது. அந்த மாத வட்டி மட்டும் 22,261. இ.எம்.ஐ. மாறாமல் இருந்தால் அசலுக்குப் போவது 550 ரூபாய். மீதி 222 தவணை இருந்த கடன் 485 தவணை ஆகிவிடும். இன்னும் 40 வருடம் 5 மாதம்!

கடன்தாரருக்கு வெளியே எதுவும் தெரியாது. அதே தேதி, அதே 22,811 கணக்கிலிருந்து போகிறது. காலவரைதான் சத்தமில்லாமல் நீள்கிறது. காலவரையை நீட்டாமல் இருக்க வேண்டுமானால் இ.எம்.ஐ. 27,208 ஆகியிருக்க வேண்டும், மாதம் 4,397 கூடுதல்.

லாஸ்பேட்டை_லோன் | 7 நவம்பர், காலை 7.15

மஞ்சை சார் கணக்கு சரி, ஆனால் இரண்டு திருத்தம். ஏற்றம் ஒரே நாளில் வரவில்லை, படிப்படியாக வந்தது. அதனால் உண்மையான கடன்களில் எண் கொஞ்சம் மாறும். இரண்டாவது, 40 வருடம் என்று வங்கிகள் பொதுவாக நீட்டாது. கடன்தாரரின் வயது உச்சவரம்பு தடுக்கும். அந்த இடத்தில் வங்கி இ.எம்.ஐ.யை ஏற்றும். பலருக்கு இரண்டும் சேர்ந்தே நடந்தது, காலவரையும் நீண்டது, தவணையும் ஏறியது.

இதற்குத்தான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ஆர்.பி.ஐ. சுற்றறிக்கை வந்தது. வட்டி மாறும்போது இ.எம்.ஐ.யை ஏற்றுவதா, காலவரையை நீட்டுவதா, இரண்டுமா என்று கடன்தாரரைக் கேட்க வேண்டும். பகுதியாகவோ முழுதாகவோ முன்கூட்டிக் கட்டும் வாய்ப்பைத் தர வேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் அப்போது கட்டாயமாக்கினார்கள், 2025 அக்டோபர் முதல் அது கடன் கொடுப்பவரின் விருப்பம். காலாண்டுக்கு ஒரு அறிக்கை தர வேண்டும்: இதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி. அந்த அறிக்கையில் மீதித் தவணை என்ற ஒரு எண்ணை மட்டும் பாருங்கள். மூன்று மாதம் கழிந்தால் மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் அன்றே எழுத்தில் கேளுங்கள்.

வில்லியனூர் தம்பிக்கு ஒரு கேள்வி. அந்த 8.5 எதோடு இணைந்தது? 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மிதவை வட்டி (ஏறி இறங்கும் வட்டி) வீட்டுக்கடன் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைந்திருக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது திருத்த வேண்டும். வீட்டுக்கடன் நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் சொந்த அடிப்படை விகிதம் வைத்திருப்பார்கள். ஏறும்போது சீக்கிரம் ஏறும், இறங்கும்போது தாமதமாக இறங்கும். பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

வில்லியனூர்_வாடகை | 7 நவம்பர், இரவு 10.00

பார்த்தேன் சார். அவர்களுடைய சொந்த விகிதம்தான். ரெப்போ என்ற பேச்சே இல்லை. கூடவே 1,20,000 ரூபாய் காப்பீடு, ஒரே பிரீமியம், "கடனோடு சேர்த்துவிடுகிறோம், கையிலிருந்து எதுவும் வேண்டாம்" என்கிறார்கள். கட்டாயமாம்.

மஞ்சை_கணக்கு | 7 நவம்பர், இரவு 10.20

கட்டாயம் இல்லை. கடனுக்கு ஆயுள் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. "எந்த விதிப்படி" என்று எழுத்தில் கேளுங்கள், பேச்சு மாறும்.

கடனோடு சேர்த்தால் அந்த 1,20,000-க்கும் 8.5 வட்டி, 20 வருடம். மாதம் 1,041. கடைசியில் 2.50 லட்சம் கட்டியிருப்பீர்கள். செயலாக்கக் கட்டணம் அரை சதவீதம் என்று வைத்து ஜி.எஸ்.டி.யோடு 17,700-ஐயும் கழித்தால், உங்கள் கைக்கு உண்மையில் வருவது 29,82,300. தவணையோ 31.2 லட்சத்துக்கு, 27,076. இதைத் திருப்பிக் கணக்கிட்டால் வட்டி 8.5 அல்ல, 9.1 சதவீதம்.

இந்த எண்ணை அவர்களே எழுதித் தர வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன் எல்லாவற்றுக்கும் முக்கிய விவர அறிக்கை, கே.எஃப்.எஸ்., கட்டாயம். அதில் ஆண்டுச் சதவீத விகிதம் என்று ஒரு வரி இருக்கும். விளம்பரத்தில் வரும் விகிதத்தை விட்டுவிட்டு, இரண்டு இடத்து கே.எஃப்.எஸ்.ஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அந்த வரியை ஒப்பிடுங்கள்.

குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும் என்பது நியாயம். அதற்குத் தனியாக டேர்ம் பாலிசி எடுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

கன்னியக்கோயில்_கட்டுமானம் | 8 நவம்பர், காலை 6.30

காப்பீட்டுப் பேச்சில் வீட்டையும் மறக்காதீர்கள். 2021 ஏப்ரல் முதல் எல்லாப் பொதுக் காப்பீட்டு நிறுவனங்களும் பாரத் கிருஹ ரக்ஷா என்ற ஒரே மாதிரியான பாலிசியைத் தர வேண்டும். தீ, புயல், வெள்ளம், நிலநடுக்கம் எல்லாம் அதில் அடக்கம். நிலத்தின் விலையைச் சேர்க்காமல், கட்டடத்தைத் திரும்பக் கட்டும் செலவுக்கு எடுங்கள். 1,000 சதுர அடி, அடிக்கு 2,200 என்று வைத்தால் 22 லட்சம். தானே புயல் 2011 டிசம்பர் 30 அன்று இந்தக் கரையில்தான் ஏறியது. கடலூரில் இருந்துகொண்டு இதை விடுவது சரியில்லை.

ரோமாபுரி | 8 நவம்பர், மதியம் 3.00

மனை வாங்கிக் கட்டுபவர்களுக்கு ஒரு வரி. பேஸ்மட்டம், லிண்டல், ரூஃப், பூச்சு என்று கட்டம் கட்டமாகத்தான் பணம் வரும். அதுவரை எடுத்த பணத்துக்கு வட்டி மட்டும் கட்டுவது ப்ரீ இ.எம்.ஐ. சராசரி 15 லட்சம் நின்றால் மாதம் 10,625. பதினான்கு மாதம் இழுத்தால் 1.49 லட்சம், அசலில் ஒரு பைசா குறையாது, வாடகையும் கூடவே ஓடும். ஐப்பசி கார்த்திகையில் ரூஃப் போடும்படி வேலையைத் தொடங்கினால் இரண்டு மாதம் மழைக்கே போகும். தையில் கடக்கால் எடுங்கள்.

மஞ்சை_கணக்கு | 9 நவம்பர், காலை 8.00

முன்கூட்டிக் கட்டுவது பற்றிக் கேட்டு மூன்று பேர் தனிச்செய்தி அனுப்பியிருக்கிறார்கள். எல்லாருக்கும் இங்கேயே.

மிதவை வட்டி வீட்டுக்கடனைத் தனிநபர் முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது, வங்கியானாலும் வீட்டுக்கடன் நிறுவனமானாலும். நம் 30 லட்சக் கடனில் முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் 18 தவணை குறையும், அதாவது 4.70 லட்சம் கட்ட வேண்டியதில்லை. அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் குறைவது ஏறத்தாழ 6 தவணை, 1.50 லட்சம். ஒரே லட்சம்தான், காலத்தால் வரும் வித்தியாசம் இது.

ஒரு லட்சம் இல்லாதவர்கள் வருடா வருடம் சம்பளம் ஏறும்போது தவணையை 5 சதவீதம் ஏற்றுங்கள். 26,035, அடுத்த வருடம் 27,336, பிறகு 28,703. 20 வருடக் கடன் 12 வருடம் 3 மாதத்தில் முடியும். வட்டி 32.48 லட்சத்திலிருந்து 21 லட்சத்துக்குக் கீழே வரும்.

எங்கே தவறுகிறது என்றால், கூடுதல் பணம் கட்டும்போது "இ.எம்.ஐ. குறையட்டுமா, காலவரை குறையட்டுமா?" என்ற கட்டத்தில். எதுவும் சொல்லாவிட்டால் சில இடங்களில் இ.எம்.ஐ.யைக் குறைத்துவிடுவார்கள், இந்த லாபமெல்லாம் போய்விடும். காலவரையைக் குறைக்கக் கோரி எழுத்தில் கொடுத்து, மாறிய தவணை அட்டவணையைக் கையில் வாங்குங்கள்.

மஞ்சை_கணக்கு | 11 நவம்பர், இரவு 11.10

என் முதல் பதிவை மறுபடி படித்தேன். 62 லட்சத்தை நான் கேள்வி கேட்காமல் விட்டது சரியல்ல. இன்றைய ரூபாயும் 2045 ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறினால் இருபதாவது வருட முடிவில் கட்டும் 26,035 இன்றைய மதிப்பில் 9,800 ரூபாய்தான். 240 தவணையையும் அப்படியே கூட்டி "இரண்டு மடங்கு" என்பது பாதி உண்மை.

வாடகையையும் அதே கண்ணால் பாருங்கள். 11,000 வருடம் 5 சதவீதம் ஏறினால் 20 வருடத்தில் 43.65 லட்சம். பத்தொன்பதாவது வருடத்தில் வாடகை இ.எம்.ஐ.யைத் தாண்டும். ஆக வாடகையும் சும்மா இல்லை. ஆனால் முதல் நாளில் வித்தியாசம் மாதம் 15,035. அது உங்கள் சம்பளத்தில் தாங்குமா, தாங்காதா? வட்டி இரண்டரை ஏறினாலும் தாங்குமா? என் பார்வையில் தீர்மானிக்க வேண்டிய கேள்வி இதுதான். மொத்தம் 62 லட்சமா, குறைவா என்பது அதற்குப் பின்.

லாஸ்பேட்டை_லோன் | 12 நவம்பர், காலை 7.00

வரிச்சலுகையை நம்பிக் கணக்குப் போடாதீர்கள். குடியிருக்கும் வீட்டுக்கு வட்டியில் 2 லட்சம், அசலில் 1.5 லட்சம் எல்லாம் பழைய வரிமுறையில்தான். புதிய முறையில் இரண்டும் இல்லை. அதில் 12 லட்சம் வரை வருமானத்துக்கு எப்படியும் வரி வராததால், அந்த வருமானத்தில் இருப்பவருக்கு வீட்டுக்கடனால் வரி மிச்சம் என்று ஒன்றுமே இல்லை.

வேறொரு மிச்சம் பார்க்கலாம். பிரதமர் ஆவாஸ் நகர்ப்புறத் திட்டம் 2.0-இல் வட்டி மானியம் 1.80 லட்சம் வரை உண்டு. ஆனால் குடும்ப வருமானம் 9 லட்சத்துக்குள், கடன் 25 லட்சத்துக்குள், வீட்டு மதிப்பு 35 லட்சத்துக்குள் இருக்க வேண்டும். 38 லட்ச வீட்டுக்குக் கிடைக்காது.

வில்லியனூர்_வாடகை | 5 டிசம்பர், இரவு 8.45

ஒரு பொதுத்துறை வங்கியில் 7.75 தருகிறார்கள், ரெப்போவோடு இணைந்தது. காப்பீடு வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தேன், ஏற்றுக்கொண்டார்கள். கைமாற்றும் வாங்கவில்லை. விற்பவர் தை வரை பொறுப்பதாகச் சொல்கிறார், அதற்குள் சீட்டு எடுத்துவிடுவேன். இன்று ரெப்போ 5.25 ஆகக் குறைந்ததாகச் செய்தி, இது எனக்கு வருமா?

மஞ்சை_கணக்கு | 5 டிசம்பர், இரவு 9.05

7.75-க்கு 30 லட்சம், 20 வருடம் என்றால் 24,629. முன்பு சொன்னதைவிட மாதம் 1,406 குறைவு, மொத்தத்தில் 3.37 லட்சம். இன்றைய கால் சதவீதக் குறைப்பு அடுத்த திருத்தத் தேதியில் உங்களுக்கு வரும். அப்போது காலவரை குறைகிறதா என்று அறிக்கையில் பாருங்கள். 26,035 கட்டத் தயாராகத்தானே இருந்தீர்கள்? அந்த 1,406-ஐயும் மாதா மாதம் கடனிலேயே போடுங்கள்.

ஓடி_பத்திரம் | 6 டிசம்பர், காலை 10.30

கடைசித் தவணையோடு செலவு முடியாது. கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு என்று ஆர்.பி.ஐ. 2023 செப்டம்பரில் சொல்லிவிட்டது. இன்று பத்திரம் ஒப்படைக்கும்போதே எத்தனை ஆவணம், எத்தனை பக்கம், அசலா நகலா என்று பட்டியலில் கையெழுத்து வாங்கி வையுங்கள். தாய்ப்பத்திரம் ஒன்று விடுபட்டாலும் பிற்பாடு நிரூபிக்க அந்தத் தாள்தான்.

முடிந்தபின் எம்.ஓ.டி. ரத்துக்கான ரசீதுப் பத்திரத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். வங்கி கடிதம் கொடுத்துவிட்டது என்று வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். வில்லங்கத்தில் கடன் அப்படியே நிற்கும். பதினைந்து வருடம் கழித்துப் பிள்ளைக்கு எழுதி வைக்கப் போகும்போதுதான் தெரியவரும், அதற்குள் அந்தக் கிளையே வேறெங்காவது மாறியிருக்கும். ரசீது பதிந்த மறுவாரமே வில்லங்கச் சான்று போட்டு அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.